தத்தையின் தூதும் சொல்லாத சேதிகளும்

திருகோணமலை த. சரவணமுத்துப்பிள்ளையை நம் ஆய்வாளர் பெரும்பாலும் 'மோகனாங்கி' (1895) ஒன்றைக்கொண்டே மதிப்பிடுகின்றனர். தமிழின் முதல் வரலாற்று நாவல் என்னும் பட்டத்தால், மூன்றாண்டு முன்னர் அவர் வெளியிட்ட 'தத்தை விடு தூது' (1892) அடிக்குறிப்பளவாகச் சுருங்கிற்று. 'முதல்' எது எனத் தேடுவது நம் இலக்கிய வரலாற்றைப் பீடித்த நோய் என்றே சொல்லத் தோன்றுகிறது.

பெண்ணுரிமையைப் பேச அவர் தேர்ந்த வடிவம் தூது. அவ்வடிவில் அனுப்புநரும் பெறுநரும் உளர்; இடைச்செல்லும் கிளிக்குத் தனக்கென ஒரு சொல் இல்லை. வேதநாயகம் பிள்ளையின் 'பெண்மதி மாலை'யைப் போலவே, இங்கும் பெண்ணுக்காக வாதிடுபவர் ஆண் புலவரே. இதனைக் குறையாகக் கூறி நிறுத்துவது எளிது. அக்குரலைப் பின்னாளில் பெண்கள் எவ்வாறு தம் கைக்கொண்டனர் என்பதே நோக்கற்பாலது.

யாழ்ப்பாணத்தில் 1986இல் பெண் கவிஞர் பதின்மரின் தொகுப்பு வெளிவந்தபோது, அதன் பெயர் 'சொல்லாத சேதிகள்'. சேதி உண்டு, கொண்டுசெல்லும் கிளி இல்லை. அக்கவிதைகளைப் போர்க்காலச் சாட்சியமாக மட்டும் வாசிப்போர் திருமணம், குடும்பம் பற்றிய அவற்றின் வழக்கு 1892இலேயே தொடங்கியதைக் காணத் தவறுகின்றனர். 1914இல் மங்களநாயகம் தம்பையா எழுதிய 'நொறுங்குண்ட இருதயம்' இவ்விரண்டுக்கும் இடையே நிற்கிறது.

புலம்பெயர்ந்த நிலத்தில் தூது வேறொரு பொருள் பெற்றது. 1987இல் டென்மார்க்கின் நீதியமைச்சர் எரிக் நின்-ஹான்சன், தமிழ் அகதிகளின் குடும்ப இணைவு விண்ணப்பங்களை முடக்கினார். மனைவியரும் மக்களும் இலங்கையிற் காத்திருந்தனர். அவ்விவகாரம் பிரதமர் போல் ஸ்லூட்டரின் அரசை 1993 ஜனவரியில் பதவியிறக்கியது. அரசியல் நூல்கள் இதனை அமைச்சரின் வழக்காகவே எழுதுகின்றன. காத்திருந்த பெண்ணின் தரப்பு நம் இலக்கிய ஆய்விலும் இல்லை. புகலிடப் பெண்களின் 'மறையாத மறுபாதி' 1992இல் பிரான்சில் வெளிவந்ததை அப்பின்னணியோடு சேர்த்து வாசிக்க வேண்டும்.

அதே 1992இல் ஹொல்ஸ்டெப்ரோவில், ஓடின் நாடகக் குழுவின் யூலியா வார்லி 'ட்ரான்சிட்' என்னும் பெண் அரங்க விழாவைத் தொடங்கினார். அந்நகரை உள்ளிட்ட யூட்லாந்துப் பகுதியில் தமிழ்க் குடும்பங்கள் குடியேறியிருந்தன. அவர்தம் பிள்ளைகளுள் பலருக்கு இன்று டேனிஷே எழுத்து மொழி. தாய்மாரிடம் எஞ்சியுள்ள கடிதங்கள், கைப்பிரதிகள், சிற்றிதழ்கள் ஆகியவற்றை வாசிக்க வல்லோர் அவ்வீடுகளிற் குறைந்து வருகின்றனர். பத்தொன்பதாம் நூற்றாண்டு நூல்களுக்கு நாம் காட்டும் பதிப்புக் கவனத்தில் ஒரு பங்கேனும் இவற்றுக்கு உடனடியாகத் தேவை.