நீண்ட ஆயுசு யாருக்கு?
மனோரமாவின் நடிப்பும் வேலைக்காரியின் நாக்கும்

2015 அக்டோபர் 10ஆம் தேதி மனோரமா இறந்தபோது எல்லாப் பத்திரிகையும் கணக்குத்தான் போட்டன. 1958இல் முதல் படம். அய்ம்பத்தேழு வருசம். ஆயிரம் படத்துக்கு மேல். அய்ந்து முதலமைச்சர்களோடு நடித்தவர்: அண்ணாவோடும் கருணாநிதியோடும் மேடையில், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி.ஆர். ஆகியோரோடு திரையில். 1989ஆம் வருசப் படத்துக்குத் தேசிய விருது, 2002இல் பத்மஸ்ரீ. கேட்டால் கையெடுத்துக் கும்பிடத் தோணும். கும்பிடலாம், தப்பில்லை. கும்பிட்ட கையை இறக்கின பிறகு ஒரு கேள்வி பாக்கி இருக்கு. இவ்வளவு நீளமான கலைவாழ்க்கை ஒரு நடிகைக்கு எப்படிக் கிடைக்குது? திறமை, உழைப்பு என்பது பாதிப் பதில். மீதிப் பாதியை அஞ்சலிக் கட்டுரைகள் எழுதுவதில்லை. அதை நாம்தான் எழுதணும்.

மனோரமா நம்ம டெல்டாக்காரர். 1937இல் மன்னார்குடியில் பிறந்தவர், இயற்பெயர் கோபிசாந்தா. தகப்பன் பேரோடு கிளாக்குடையார் என்ற பட்டம் ஒட்டியிருந்தது. அது என்ன பட்டம் என்று இந்தப் பக்கத்து ஆளுக்கு விளக்க வேண்டியதில்லை. ஆனால் பட்டம் சோறு போடவில்லை. தகப்பன் கைவிட்டார். தாய் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்குப் போய் வீட்டு வேலை செய்து பிழைத்தார். தாய் நோயில் விழுந்ததும் அந்தச் சிறுமியே வேலைக்குப் போனாள், படிப்பு போச்சு. பன்னிரண்டு வயசில் நாடக மேடை. மனோரமா என்பதே நாடகக்காரர்கள் வைத்த பேர். வைரம் நாடக சபா, பிறகு எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடக மன்றம். கூட நடித்தவரைக் கட்டிக்கொண்டார், கைக்குழந்தையோடு விடப்பட்டார். 1958இல் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை'யில் சிரிப்பு வேடம். கதாநாயகி நாலு வருசத்தில் காணாமல் போவாள், சிரிப்பு நடிகை நிலைப்பாள் என்று கண்ணதாசன் தேற்றியதை மனோரமா பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். 1963இல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். சினிமா அவரை அங்கே வைத்துக்கொள்ளவில்லை.

இந்த வாழ்க்கையில் பட்டினி உண்டு, ஆணின் துரோகம் உண்டு, அடுத்த வீட்டுப் பத்துப்பாத்திரம் உண்டு. ஆகவே திரையில் அவர் வேலைக்காரியாக வந்து இடுப்பில் முந்தானையைச் செருகும்போது அது பழக்கப்பட்ட கை. இதை மறுத்துவிட்டு விமர்சனம் எழுதுவது அநியாயம். ஆனால் வறுமை வேறு, தீண்டாமை வேறு. பசித்த கிளாக்குடையார் பெண் அடுத்தவர் வீட்டு அடுப்படிக்குள் போக முடியும். பசித்த சேரிப் பெண்ணுக்குக் கொல்லைப்புறத்தோடு சரி. இந்த வித்தியாசம்தான் மனோரமாவின் அய்ம்பத்தேழு வருசத்துக்கும் அடியில் ஓடுகிற நீர்.

முதலில் நாக்கைப் பேசுவோம். மனோரமா என்றால் காது. எங்கே என்ன கேட்டாரோ அதை அப்படியே நாக்கில் இறக்கினார். 'அனுபவி ராஜா அனுபவி'யில் (1967) தூத்துக்குடிப் பேச்சு. 'பொம்மலாட்ட'த்தில் (1968) சோவோடு சேர்ந்து, தன் சொந்தக் குரலிலேயே மெட்ராஸ் பாசைப் பாட்டு. வேறு படங்களில் அய்யர் வீட்டு மாமி. 'சின்ன கவுண்டர்' (1992) படத்தில் கொங்குநாட்டு ஆத்தா. தமிழ் சினிமா வசனம் மேடைத் தமிழில் விறைத்துக் கிடந்த நாளில், உழைக்கிற பெண்கள் வாயில் புழங்கிய பேச்சு திரைக்கு வந்த வழிகளில் பெரிய வழி மனோரமா. மெட்ராஸ் பாசை யார் பாசை? மீன் விற்றவர், ரிக்சா மிதித்தவர், மூட்டை தூக்கியவர், சேரியிலும் குப்பத்திலும் கிடந்தவர் பேசியது. அதைச் 'சேரி பாசை' என்று முகம் சுளித்தவர்களே கொட்டகையில் உட்கார்ந்து ரசித்தார்கள். தெருவில் அருவருப்பு, திரையில் கைத்தட்டல். பேசிய வாய் மாறியதால்தான் இது சாத்தியப்பட்டது.

இரண்டாவது, வேலைக்காரி. அண்ணா எழுதிய நாடகத்தின் பேரே 'வேலைக்காரி'. 1949இல் படமாகவும் வந்தது. வேதாசல முதலியார் வீட்டு வேலைக்காரி அமிர்தம், கடைசியில் அந்த வீட்டு மருமகளாகிறாள். குறைகள் இருக்கலாம், ஆனால் வேலைக்காரியைத் தலைப்பில் உட்கார வைத்த துணிச்சல் அந்த மேடைக்கு இருந்தது. மனோரமா அந்த இயக்கத்தின் மேடைகளில் வளர்ந்தவர். அங்கிருந்து 1986க்கு வாங்க. விசு இயக்கிய ஏவி.எம்.மின் 'சம்சாரம் அது மின்சாரம்'. இதுவும் ஒரு முதலியார் வீடு, அம்மையப்ப முதலியார். வேலைக்காரி கண்ணம்மா, மனோரமா. முறைத்துக்கொண்டு நிற்கும் சம்பந்தி ஆல்பர்ட் பெர்னாண்டசை (கிஷ்மு) அவர் வாயடைக்க வைக்கிற காட்சியைப் பார்க்காத தமிழர் குறைவு. பேசாமல் கிட என்று மெட்ராஸ் பாசையில் திரும்பத் திரும்ப அதட்டுவார். ஒவ்வொரு தடவையும் தொனி வேறு. ஒரு தடவை மிரட்டல், ஒரு தடவை கெஞ்சல், ஒரு தடவை தாயின் செல்லக் கண்டிப்பு. வசனம் ஒன்றே, உணர்ச்சி அய்ந்தாறு. இப்படி நடிக்க ஆயிரம் இரவு மேடையில் நின்றிருக்கணும்.

எங்க தெருவில் அந்தப் படம் டிவியில் ஓடும்போது பார்த்திருக்கிறேன். காரைக்கால் டவுனுக்குள் வீட்டு வேலைக்குப் போய்வருகிற பெண்கள் அந்த இடத்தில் சிரிப்பது கோமாளியைப் பார்த்த சிரிப்பு இல்லை. "அப்படிப் போடு!" என்கிற சிரிப்பு. மாடிவீட்டு மனுசனை நம்ம பாசையால் ஒருத்தி மடக்கிட்டாள் என்கிற திருப்தி. அந்த நிமிசத்தில் மனோரமா அவர்களுடைய ஆள். இந்தச் சிரிப்பை நாம் கொச்சைப்படுத்தக் கூடாது. ஆனால் படம் முடிந்ததும் என்ன மிச்சம்? முதலியார் வீட்டுச் சண்டையைத் தீர்த்து வைத்தது கண்ணம்மா. மின்சாரமாய்க் கதை பார்ப்பது முதலியார் வீட்டுச் சம்சாரத்தை மட்டும். கண்ணம்மாவின் சம்சாரம், அவள் கூலி, அவள் குடிசை எல்லாம் கதைக்கு வெளியே. 1949இல் மருமகளான வேலைக்காரி, 1986இல் மறுபடி வேலைக்காரியாகவே நிற்கிறாள். கூடுதலாக ஒன்று கிடைத்தது: கைத்தட்டல்.

மூன்றாவது, 1968. அந்த வருசம் வந்த 'தில்லானா மோகனாம்பாள்' நம்ம பக்கத்துக் கதை. நாயனக்காரர் ஊர் சிக்கல், ஆட்டக்காரி ஊர் திருவாரூர். கலைகளுக்கு அங்கே ஒரு படிவரிசை: மேலே நாதசுரம், அதற்குச் சமமாய் நிற்கப் போராடும் சதிர், கீழே நாடகக்காரி ஜில்ஜில் ரமாமணி. நாடகக்காரியை நாடகக்காரியே நடித்தார். குலுக்கும் மினுக்குமாக வருகிற அந்தப் பெண்ணை வெறும் சிரிப்பாக விட்டுவிடாமல், பெரிய வித்துவான் முன்னால் தானும் ஒரு கலைஞர் என்ற தன்மானத்தோடு நிற்க வைத்தார் மனோரமா. அந்த வேடத்தை யாரும் மறக்காததற்கு அதுதான் காரணம். சரி, ஜில்ஜில்லுக்கும் கீழே? சாவுக்கும் சாமிக்கும் பறையடித்தவனுக்கு அந்தக் கதையில் வேலை இல்லை. அதே வருசம் டிசம்பர் 25ஆம் தேதி இரவு, சிக்கலிலிருந்து அதிகத் தொலைவில்லாத கீழ்வெண்மணியில், கூலியைக் கூட்டிக் கேட்ட சேரிச் சனங்களில் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். படத்துக்கும் படுகொலைக்கும் முடிச்சுப் போடவில்லை. தஞ்சை மண்ணின் பெருமை என்று திரையில் வந்தது எது, வராமல் விடப்பட்டது எது என்று மட்டும் கேட்கிறேன்.

நாலாவது, ஏற்றம். 1992இல் 'சின்ன கவுண்டர்'. மனோரமா இப்போது வேலைக்காரி இல்லை, தீர்ப்புச் சொல்லும் கவுண்டரின் தாய். அதே படத்தில் கவுண்டமணியும் செந்திலும் துணி வெளுப்பவர்கள். பார்த்தீங்களா? மனோரமா இறக்கி வைத்த சிரிப்புச் சுமையை யார் தலையில் ஏற்றியிருக்கிறார்கள்! மனோரமாவுக்கு வயசு ஏறினது, சாதியும் ஏறினது. ஊரே ஏற்கெனவே அவரை 'ஆச்சி' என்று அழைத்துக்கொண்டிருந்தது. நாடகத்தில் செட்டிநாட்டுப் பேச்சு பேசப்போய் ஒட்டிக்கொண்ட பேர் அது என்பார்கள். பள்ளத்தூரில் ஆச்சி என்பது வீட்டு எசமானியைக் கூப்பிடுகிற சொல். எசமானி வீட்டில் வேலை பார்த்த தாயின் மகளுக்கு எசமானியின் பேரே பட்டமானது. ஒரு ஏழைப் பெண் ஜெயித்த கதையாக இதைப் பார்த்தால் கண் கலங்கும். நம்ம பக்கமிருந்து பார்த்தால் இன்னொன்றும் தெரியும்: மரியாதை தர வேண்டுமென்றால் மேல்வீட்டுச் சொல்லைத்தான் இந்தச் சமூகம் தேடுது. வேலைக்காரி என்ற சொல்லிலேயே மரியாதை ஏற்ற அதுக்குத் தெரியவில்லை.

பேர் மாற்றும் சமாச்சாரம் காரைக்கால்காரனுக்குப் புதுசு இல்லை. பிரெஞ்சுக்காரன் ஆட்சியில் 1881இல் ஒரு ஆணை வந்தது. இந்துச் சட்டத்தையும் வழக்கத்தையும் துறந்து பிரெஞ்சுச் சட்டத்துக்கு வந்தால் புதுக் குடும்பப் பேர் வைத்துக்கொள்ளலாம். ஒடுக்கப்பட்டவர்கள் பலர் அப்படி வந்தார்கள். காகிதத்தில் பேர் மாறினது. தெருவில் "எந்தத் தெருக்காரன்?" என்ற கேள்வி மாறவில்லை. மனோரமா ஒரு படத்தில் குப்பத்துக்காரி, அடுத்த படத்தில் மாமி, அதற்கடுத்து கவுண்டச்சி. சாதியைச் சேலை மாதிரி கட்டி அவிழ்க்க அவருக்கு முடிந்தது. நடிப்பு என்றால் அதுதானே என்பீர்கள். அந்த உரிமை எல்லாருக்கும் உண்டா?

பி.கே.ரோசியைக் கேளுங்கள். ஜே.சி.டேனியல் எடுத்த மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்'. அதில் நாயர் பெண்ணாக நடித்தவர் ரோசி, தலித் பெண். புலையப் பெண் நாயர் பெண்ணாகத் திரையில் நிற்பதா என்று சாதி வெறியர்கள் விரட்டினார்கள். தமிழ்நாட்டுப் பக்கம் ஓடிவந்து, நடிகை என்பதையே மறைத்து வாழ்ந்து முடித்தார். ஒரே படம். மேல்சாதி வேடம் போட்ட சேரிப் பெண்ணுக்கு ஒரு படம். சேரி வேடமும் போட முடிந்த மேல்தெருப் பெண்ணுக்கு ஆயிரம் படம். நான் சொல்ல வந்த மீதிப் பாதி இதுதான். கலைவாழ்க்கையின் நீளத்தைத் திறமை மட்டும் அளப்பதில்லை. எந்த வேடத்துக்குள்ளும் போகவும் திரும்பவும் வழி விட்டால்தான் நீளம்.

அமெரிக்காவில் ஹாட்டி மெக்டேனியல் என்று ஒரு கறுப்பின நடிகை. அடிமைகளாக இருந்தவர்களின் மகள். மேடையில் பாடி, திரையில் வேலைக்காரியாகவே நடித்தார். 1939இல் வந்த 'கான் வித் த விண்ட்' படத்தின் வேலைக்காரி வேடத்துக்கு ஆஸ்கார் வாங்கிய முதல் கறுப்பர். விருது வாங்க வந்த இரவில் சகநடிகர்களோடு உட்கார விடாமல் சுவரோரம் தனி மேசை போட்டார்கள். அவர் சனங்களே, ஏன் எப்பவும் வேலைக்காரி வேடம் என்று அவரைக் கேட்டார்கள். அங்கே வேலைக்காரி வேடமாவது கறுப்பினப் பெண்ணுக்குக் கிடைத்தது, சண்டை அதற்கு மேலே நடந்தது. இங்கே நம்மைப் போல நடிக்கிற வேடம்கூட நமக்கு வாய்ப்பது அரிது.

இன்று நிலைமை கொஞ்சம் அசைந்திருக்கு. 2018இல் மாரி செல்வராஜின் 'பரியேறும் பெருமாள்' படத்தில் பரியனின் தகப்பனாக வந்தவர் வண்ணார்பேட்டை தங்கராசு. வாழ்நாளெல்லாம் பெண் வேடம் கட்டிக் கூத்தாடியவர். வேட்டி உருவப்பட்டு அவர் ஓடுகிற காட்சியில் கொட்டகை சிரிக்கவில்லை. கூத்தாடியின் அவமானத்தை அவமானமாகவே தமிழ் சினிமா காட்டிய அபூர்வ இடம் அது. 2023இல் அவர் இறந்துபோனார். மேடையில் ஒரு ஆயுசு, திரையில் அய்ந்து வருசம். அந்த அய்ந்து வருசமும் ஒரு இயக்குநர் தேடிப் போனதால் வந்தது.

மனோரமாவைச் சின்னதாக்குவது என் நோக்கமில்லை. நம்ம பெண்களின் வாய்ச்சொல்லை அவர் எடுத்துப் போகாமல் இருந்திருந்தால் அந்தக் காலத் திரையில் அது கேட்டிருக்கவே கேட்டிருக்காது. அந்தக் கடன் நமக்கு உண்டு. ஆனால் கடன் ஒருபக்கம் மட்டும் இல்லை. அந்தச் சொல்லைப் பேசி வளர்த்தவர்கள் பேர் எந்தப் பட்டியலிலும் இல்லை. நெடுங்காடு, நிரவி, கோட்டுச்சேரிப் பக்கத்துச் சேரிகளில் நாடகம் போட்டவர்கள், ஆண்டுக்கு ஒரு இரவு அரிதாரம் பூசி மறுநாள் நடவுக்குப் போனவர்கள், நூறு பேராவது இருப்பார்கள். எல்லாருக்கும் வயசாகிப் போச்சு. அவர்கள் கட்டிய வேசம் என்ன, பேசிய வசனம் என்ன, ராசா வேசம் போட்டவனை மறுநாள் மிராசுதார் எப்படிக் கூப்பிட்டான் என்று கேட்டு எழுதுங்கள். இந்தப் பத்திரிகைக்கே எழுதுங்கள். ஆயிரம் படம் நடித்தவருக்குச் சாட்சி ஆயிரம் இருக்கு. இவங்களுக்கு நம்மை விட்டால் ஆள் இல்லை.