‘சாப்’ என்றால் வெட்டா, முத்திரையா?

ஆங்கிலத்தில் ஓரசைச் சொற்கள் மிகுதி. சொல் சிறிதாயிருத்தலின் அதனைக் கற்பது எளிது என்று நம் மாணவர் எண்ணுகின்றனர். உண்மை இதற்கு மாறானது. நீண்ட சொல் பெரும்பாலும் ஓரிரு பொருளோடு அடங்கி நிற்கும். குறுஞ்சொல்லோ ஊருக்கு ஒரு பொருளும் தொழிலுக்கு ஒரு பொருளும் பூண்டு திரியும். போதாக்குறைக்கு ஒன்றைப் போலவே மற்றொன்றும் ஒலிக்கும். இத்தகைய சொற்களுக்கு நம் கையடக்க ஆங்கில-தமிழ் அகராதிகள் பொருள் கூறும் முறை, மாணவர்க்கும் இங்கே புதிதாக வந்திறங்கும் தொழிலாளர்க்கும் போதுமானதன்று என்பதே என் கருத்து.

‘சாப்’ என்னும் சொல்லை எடுத்துக்கொள்வோம். அகராதியைப் புரட்டினால் வெட்டு, கொத்து, இறைச்சித் துண்டு என்னும் பொருள்களே முன்னிற்கும். ஆனால் சிங்கப்பூரில் ஓர் அலுவலர் படிவத்தை நீட்டிக் ‘கம்பெனி சாப் வேண்டும்’ என்றால், அவர் கேட்பது முத்திரை. ஆங்கிலத்தின் வெட்டு திரிந்து முத்திரையாகிவிடவில்லை. அச்சு, முத்திரை எனப் பொருள்படும் இந்திச் சொல் ஒன்று வணிகத்தோடு கிழக்கே பரவி, மலாயிலும் வழங்கி, ஆங்கிலேயர் நாவிலும் ஏறியது. 1886இல் வெளிவந்த ‘ஹாப்சன்-ஜாப்சன்’ என்னும் சொற்களஞ்சியம் இதனைத் தனித் தலைப்பிட்டு விளக்குகிறது. அதனைத் தொகுத்த இருவருள் ஒருவரான பர்னெல், தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர்.

பழைய சீனக் கடைகளின் ஆங்கிலப் பலகையில், கடைப் பெயருக்கு முன்னே நிற்கும் ‘சாப்’ என்பதும் இந்த முத்திரைச் சொல்லே. கடையைக் குறிக்கும் ‘ஷாப்’ வேறு, இரண்டிற்கும் உறவில்லை. ‘சாப் சாப்’ என்று இரட்டித்தால் ‘விரைந்து செய்’ என்பது பொருள். அதுவோ தென்சீனக் கரையில் வணிகர் பேசிய கலப்பு ஆங்கிலத்திற் பிறந்தது. ஆக, ஒலி ஒன்று, குலம் மூன்று.

இனிச் ‘சோப்’ என்பதைக் காண்போம். உணவங்காடி மேசைமேல் ஒரு டிஷ்யூ பொட்டலம் கிடந்தால், அவ்விடம் ‘சோப்’ செய்யப்பட்டது, அதாவது ஒருவர் முன்னரே பிடித்து வைத்தது. முத்திரைச் ‘சாப்’ என்பதிலிருந்தே இது வந்தது என்று கருதுவோர் உளர், பொருளும் பொருந்துகிறது. தமிழில் எழுதினாலோ, இடம் பிடிக்கும் சொல்லும் குளிக்கும் சோப்பும் ஓருருவாகிவிடுகின்றன.

நம் எழுத்தின் இயல்பையும் ஈண்டுக் கருதவேண்டும். தேர்வில் தேறியவனும் ‘பாஸ்’. வேலை வாங்கும் முதலாளியும் ‘பாஸ்’. முதுகும் ‘பேக்’, அதில் தொங்கும் பையும் ‘பேக்’. இது எழுத்தின் குறையன்று. தமிழொலிக்கென அமைந்த எழுத்து அது. ஆயினும் ஆங்கில உச்சரிப்பைத் தமிழெழுத்தால் மட்டும் காட்டும் அகராதி, மாணவனைப் பாதி வழியில் விட்டுவிடுகிறது.

சொல்லின் பொருள் இடத்தைப் பொறுத்தது என்பது நமக்குப் புதிதன்று. செம்பவாங் வட்டாரத்தில் பால்மரத் தோட்டங்களும் 1938இல் திறக்கப்பெற்ற கடற்படைத் தளமும் இருந்த நாளில், நம்மவர் ஆங்கிலத்தை ஏட்டில் கற்றதினும் காதால் கற்றதே மிகுதி. அவர்தம் தமிழிலும் தொழில் வழக்கு உண்டு. ‘மரம் வெட்டப் போகிறேன்’ என்று தோட்டத் தொழிலாளி சொன்னால், மரத்தைச் சாய்க்கப் போகிறான் என்பதன்று பொருள். பட்டையைச் சீவிப் பாலெடுக்கப் போகிறான். தோட்டத்துக் குழந்தைக்கு இது விளங்கும். அகராதியை மட்டும் நம்பும் அயலூரார்க்கு விளங்காது.

வழக்குப் பொருளைக் கொச்சை என்று ஒதுக்குவோர் நன்னூலை மீண்டும் பார்த்தல் நன்று. தகுதி வழக்கு மூன்றனுள் குழூஉக்குறியும் ஒன்று. பொற்கொல்லர் தமக்குள் பொன்னைப் ‘பறி’ என வழங்குவதை இதற்கு எடுத்துக்காட்டாகக் கூறுவர். பவணந்தியார் இதனை வழு என்று தள்ளவில்லை. வழக்கு என்று பெயரிட்டு, அதற்குரிய இடத்தை வகுத்தார். ஆங்கிலேயரும் இன்று அவ்வழியே செல்கின்றனர். மங்கலைக் குறிக்கும் ‘பிளர்’ என்னும் சொல், சிங்கப்பூரில் ஒன்றும் விளங்காது விழிப்பவனையும் குறிக்கும். இப்பொருளை ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி 2016இல் ஏற்றுக்கொண்டது. ஆங்கிலத்தின் பேரகராதியே ஏற்ற பொருளை நம் கையகராதிகள் கண்டுகொள்ளாதிருத்தல் முறையாகுமா?

அகராதியில் ஏறிவிட்டது என்பதனால் தேர்வுத்தாளிலும் எழுதலாம் என்பது என் வாதமன்று. சிங்கப்பூரில் 2000ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற நல்ல ஆங்கிலம் பேசும் இயக்கத்தின் நோக்கம் புறக்கணிக்கத்தக்கதன்று. பிழையற்ற ஆங்கிலம் அறியாதவனுக்கு மேற்படிப்பும் உத்தியோகமும் எட்டுவதரிது. ஆனால் வழக்கை அறியாமை நல்ல ஆங்கிலம் ஆகிவிடாது. இரண்டையும் அறிந்தவனே எதனை எங்கே விலக்குவது என்று தெளிவான்.

ஆகவே அகராதி தொகுப்போர் ஒவ்வொரு குறுஞ்சொல்லுக்கும் ஒலிக்குறியீடு தரவேண்டும்; பொருள்தோறும் ‘பொதுவழக்கு’, ‘பேச்சுவழக்கு’, ‘சிங்கப்பூர் வழக்கு’ என்று குறித்தலும் வேண்டும். அத்தகைய அகராதி வரும்வரை ஆசிரியர்கள் காத்திருக்க வேண்டுவதில்லை. மாணவர் ஏட்டில் ஒலி, நூற்பொருள், வழங்குமிடம் என மூன்று பத்திகள் வரையச் செய்து, கேட்ட சொற்களை அன்றன்றே எழுதச் செய்யலாம். முத்திரை கேட்கும் படிவத்தின்முன் ஒரு தொழிலாளி ‘வெட்டு’ என்னும் பொருளை வைத்துக்கொண்டு திகைத்து நிற்பானாயின், குறை அவனுடையதன்று. அவனுக்குக் கற்பித்த நம்முடையதே. தமிழாசிரியர்கள் இதனைச் சிந்திப்பார்களாக.