அரிசிக்கு முந்தைய அட்டை

ஏழையா என்று கேட்காமல் அரிசி கொடுக்கும் மாநிலம் தமிழ்நாடு. பழகிப்போனதால் இதன் அருமை நமக்கு உறைப்பதில்லை. பல மாநிலங்களில் ரேஷன் அரிசிக்கு முதல் தகுதி வறுமை. அந்த வறுமையை ஓர் அலுவலர் பார்த்து, நம்பி, பட்டியலில் எழுத வேண்டும். இங்கே சித்தாள் வேலைக்குப் போகும் பெண்ணும் வங்கியில் வேலை பார்ப்பவரும் அரிசி அட்டை வைத்திருக்கலாம். 2011 ஜூன் 1 முதல் அந்த அரிசிக்கு விலையும் கிடையாது. இந்தியாவின் மிகச் சிறந்த பொது விநியோக முறைகளில் ஒன்று நம்முடையது என்று நான் உறுதியாகச் சொல்வேன். ஆனால் கடையில் அரிசி அளக்கும்போது இருக்கிற தாராளம், அட்டை கேட்டு விண்ணப்பிக்கும் இடத்தில் இல்லை. அட்டை கையில் இருப்பவருக்கு எல்லாம் எளிது. அட்டையே இல்லாதவரிடம், பெரும்பாலும் நம்மிடையே மிக ஏழையாக இருப்பவரிடம், அரசு வேறொரு முகத்தைக் காட்டுகிறது.

நல்லதை முதலில் முழுமையாகச் சொல்லிவிட வேண்டும். 1997 ஜூனில் ஒன்றிய அரசு ரேஷனை இலக்கு வைத்த திட்டமாக மாற்றியது. வறுமைக் கோட்டுக்குக் கீழே, மேலே என்று குடும்பங்கள் பிரிக்கப்பட்டன. கீழே இருப்பவருக்கு ஒரு விலை, மேலே இருப்பவருக்கு வாங்கினாலும் ஒன்றுதான் வாங்காவிட்டாலும் ஒன்றுதான் என்கிற அளவுக்கு ஒரு விலை. தமிழ்நாடு இந்தப் பிரிவினையை ஏற்கவில்லை. பிரித்த இடங்களில் என்ன நடந்தது என்பதற்கு ஒன்றிய அரசின் திட்டக் குழுவே 2005இல் ஒரு மதிப்பீடு வெளியிட்டது. மானிய விலையில் ஒன்றியத் தொகுப்பிலிருந்து போன தானியத்தில் சுமார் 58 விழுக்காடு வறுமைக் கோட்டுக்குக் கீழே உள்ள குடும்பங்களைச் சென்றடையவில்லை என்றது அது. ஏழைகளைக் கண்டுபிடித்து அவர்களுக்கு மட்டும் கொடுப்பது காகிதத்தில் சிக்கனமாகத் தெரிகிறது. நடைமுறையில் கண்டுபிடிப்பவர் கையில் அதிகாரம் சேர்கிறது. அதிகாரம் சேர்ந்த இடத்தில் பரிந்துரையும் கையூட்டும் சேர்கின்றன.

இலக்கு வைக்கும் எந்தத் திட்டத்திலும் இரண்டு பிழைகள் நேரும். தேவையில்லாதவர் உள்ளே வருவது ஒன்று, தேவையுள்ளவர் வெளியே நிற்பது இன்னொன்று. கணக்கர்களுக்கு முதல் பிழைதான் கண்ணில் படும். உயிரை எடுப்பது இரண்டாவது. 2017 செப்டம்பரில் ஜார்க்கண்டின் சிம்தேகா மாவட்டத்தில் பதினொரு வயதுச் சிறுமி ஒருத்தி இறந்தாள். ஆதார் இணைக்கவில்லை என்று அந்தக் குடும்பத்தின் ரேஷன் அட்டை அதற்குச் சில வாரங்களுக்கு முன்பே நீக்கப்பட்டிருந்தது. பட்டினி என்றார் தாய். மலேரியா என்றது அரசுத் தரப்பு. காரணம் எதுவாக இருந்தாலும், ரேஷன் அரிசி இல்லாத ஒரு வீட்டில் அந்தக் குழந்தை இறந்தது என்பதை யாரும் மறுக்கவில்லை.

எல்லோருக்கும் என்ற கொள்கையில் இன்னொரு பலமும் உண்டு. நடுத்தர வர்க்கம் வந்து நிற்கும் கடையை அரசால் வாரக்கணக்கில் பூட்டிவைக்க முடியாது. பருப்பு வரவில்லை, பாமாயில் வரவில்லை என்றால் அன்றே கேள்வி எழுகிறது. நாளிதழில் செய்தி வருகிறது, சட்டமன்றத்தில் பேச்சு நடக்கிறது. ஏழைகள் மட்டும் வரும் கடைக்கு இந்தக் குரல் கிடைக்காது. கடைகளைத் தனியார் முதலாளிகளிடம் விடாமல் பெரும்பாலும் கூட்டுறவுச் சங்கங்களிடம் ஒப்படைத்ததும், 1972இல் தொடங்கிய நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் கிடங்குகள் வழியே சரக்கு நகர்வதும் இதற்குத் துணை நின்றன. ஜான் திரேஸ், ரீத்திகா கேரா போன்ற பொருளாதார அறிஞர்கள் ரேஷன் ஒழுங்காக நடக்கும் மாநிலங்களைப் பற்றி எழுதும்போது தமிழ்நாட்டைத் தவறாமல் குறிப்பிடுவது இதனால்தான்.

பணக்காரருக்கு எதற்கு இலவச அரிசி என்ற கேள்வி நியாயமானது. அதற்குக் கிடைக்கும் வழக்கமான பதில், வசதியானவர்கள் தாமாகவே வாங்குவதில்லை என்பது. அது பாதி உண்மை. சர்க்கரை அட்டை, எப்பொருளும் வேண்டா அட்டை என்று விலகிக்கொள்ள வழி இருக்கிறது. அரிசி அட்டை வைத்துக்கொண்டே கடைப்பக்கம் வராதவர்களும் நிறைய. மீதிப் பாதிதான் சங்கடமானது. வாங்காதவர் பெயரில் பில் போடப்படுகிறது. வாங்காத அரிசியை வாங்கியதாகத் தன் செல்போனுக்குக் குறுஞ்செய்தி வந்த அனுபவம் இதைப் படிக்கும் சிலருக்காவது இருக்கும். அந்த அரிசி மூட்டைகளாகி எல்லை தாண்டிக் கேரளத்துக்கும் ஆந்திரத்துக்கும் போகிறது. அதைப் பிடிப்பதற்கென்றே குடிமைப் பொருள் வழங்கல் குற்றப் புலனாய்வுத் துறை என்று காவல்துறையில் ஒரு பிரிவு இருக்கிறது. 2020 அக்டோபரில் கைரேகை வைக்கும் முறை வந்த பிறகு இந்தத் திருட்டுக்கு ஓரளவு தடை விழுந்தது. அதே கைரேகை, ரேகை தேய்ந்துபோன முதியவர்களையும் கட்டட வேலை செய்பவர்களையும் கடைக்கும் வீட்டுக்குமாக நடக்கவைத்தது. 2025 ஆகஸ்டில் தொடங்கிய தாயுமானவர் திட்டம் முதியவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வீட்டுக்கே பொருளைக் கொண்டுபோகிறது. நல்ல திருத்தம் அது. வர வேண்டிய காலத்துக்குப் பிந்தி வந்தது என்பதுதான் குறை.

இந்தப் பொதுத்தன்மை எவ்வளவு உறுதியானது? 2013இன் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தைத் தமிழ்நாடு நீண்ட நாள் எதிர்த்து நின்று, 2016 நவம்பரில் ஏற்றது. அந்தச் சட்டத்தின் கணக்கில் தமிழ்நாட்டின் சுமார் 3.64 கோடிப் பேருக்குத்தான் உரிமை. அதனால்தான் இன்று ஸ்மார்ட் கார்டில் முன்னுரிமை உள்ள குடும்பம், முன்னுரிமை அற்ற குடும்பம் என்ற பிரிவுகள் இருக்கின்றன. கடையில் இந்த வேறுபாடு பெரும்பாலானவர்களுக்குத் தெரியாது. முன்னுரிமை அற்றவர்களுக்கான கூடுதல் செலவை மாநிலம் தாங்கிக்கொள்கிறது. ஆனால் 2017 ஜூலையில், முன்னுரிமைக் குடும்பத்தில் யார் யாரைச் சேர்க்கக்கூடாது என்ற பட்டியல் அரசிதழில் வந்ததும் மாநிலமே பதறியது. வருமான வரி கட்டுபவர், ஏ.சி. வைத்திருப்பவர், சொந்தக் கார் வைத்திருப்பவர், ஆண்டு வருமானம் ஒரு லட்சத்தைத் தாண்டியவர் என்று நீண்டது அந்தப் பட்டியல். யாருக்கும் அரிசி நிற்காது என்று அமைச்சர் விளக்கம் சொல்ல வேண்டியிருந்தது. அந்த வாக்கு காப்பாற்றப்பட்டது. இருந்தாலும் சட்டம் தரும் உரிமை வேறு, அடுத்தடுத்த அரசுகள் தொடரும் கொள்கை வேறு. பிரிக்கும் கோடு ஏற்கெனவே அட்டையில் அச்சாகியிருக்கிறது. நிதி நெருக்கடி வந்த ஒரு நாளில் அதைப் பயன்படுத்த எவருக்கும் தோன்றலாம்.

இனி விண்ணப்பத்துக்கு வருவோம். விதிகள் சிலவே. இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும், தமிழ்நாட்டில் வசிக்க வேண்டும், தனிச் சமையல் செய்யும் குடும்பமாக இருக்க வேண்டும், வேறு எந்த அட்டையிலும் பெயர் இருக்கக்கூடாது. ஆதார், முகவரிச் சான்று, குடும்பத் தலைவியின் புகைப்படம் ஆகியவற்றோடு இணையதளத்திலோ இ-சேவை மையத்திலோ பதிய வேண்டும். வருமானச் சான்று பெரிய தடையாக நிற்பதில்லை. இவ்வளவு எளிமையான விதிகளுக்குள் எங்கே தவறு நேர்கிறது?

தனிச் சமையல் என்பதிலேயே தொடங்குகிறது. பத்துக்குப் பத்து அறையில் பெற்றோர், மணமான மகன், மருமகள், பேரக்குழந்தை என்று வாழும் குடும்பங்கள் எல்லா நகரங்களிலும் உண்டு. தனி எரிவாயு இணைப்பு இருக்கிறதா, தனி அடுப்பு இருக்கிறதா என்று சரிபார்க்க அலுவலர் வருகிறார். ஓர் அறையில் இரண்டாவது அடுப்புக்கு இடமில்லை என்பதே அவர்கள் வறுமைக்குச் சான்று. ஆனால் அதே காரணம் அட்டையை மறுக்கவும் போதுமானதாகிறது. வீடு கட்டிப் பிரிந்துபோகும் வசதியுள்ள மகனுக்கு அட்டை எளிதாகக் கிடைக்கிறது. பிரிய வழியில்லாத மகனுக்குக் கிடைப்பதில்லை.

இதைவிடக் கடுமையானது கணவனைப் பிரிந்து தாய்வீடு வந்த பெண்ணின் நிலை. அவள் பெயர் புகுந்த வீட்டு அட்டையில் இருக்கிறது. அதை நீக்கினால்தான் புதிய அட்டை கேட்க முடியும், பெற்றோர் அட்டையில் சேரவும் முடியும். இணையதளத்தில் நுழைய ஓ.டி.பி. வேண்டும். அது அட்டையில் பதிவான கைப்பேசி எண்ணுக்குத்தான் போகும், அந்த எண் பெரும்பாலும் கணவனுடையது. நீதிமன்றத்தில் வழக்கு முடியாத, ஒப்புதல் கேட்டுப் பேசவும் முடியாத ஒரு பெண் தன் பெயரைத் தானே விடுவித்துக்கொள்ள ஓர் எளிய வழி இருந்தாக வேண்டும். இன்று அவள் வட்ட வழங்கல் அலுவலகத்தில் மனு கொடுத்து, அங்கிருப்பவரின் மனிதத்தன்மையை நம்பி நிற்கிறாள். சட்டம் குடும்பத்தின் மூத்த பெண்ணைத்தான் அட்டையின் தலைவி என்கிறது. அந்தச் சட்டத்தின் நோக்கம் ஓர் ஓ.டி.பி.யில் தோற்றுப்போவதை நான் ஏற்க மறுக்கிறேன்.

முகவரி அடுத்த சுவர். வாடகை ஒப்பந்தம் எழுதித்தர வீட்டு உரிமையாளர்கள் தயங்குகிறார்கள். கரண்ட் பில் அவர்கள் பெயரில் இருக்கிறது. சென்னையின் நடைபாதைகளில் தலைமுறைகளாக வாழும் குடும்பங்களுக்குக் கதவு எண்ணே கிடையாது. செங்கல் சூளைகளிலும் அரிசி ஆலைகளிலும் இடம்மாறி வேலை செய்யும் இருளர் குடும்பங்களில் ஆதாரே இல்லாதவர்கள் இருக்கிறார்கள். நெல் அவிக்கும் இடத்தில் வேலை செய்பவருக்கு ரேஷன் அரிசி இல்லை. எந்த மாநிலத்திலும் ரேஷன் வாங்கவிடும் ‘ஒரே நாடு ஒரே ரேஷன்’ திட்டம் வெளிமாநிலத் தொழிலாளர்களுக்கு வழி திறந்தது உண்மைதான். ஆனால் சொந்த மாநிலத்தில் தேசியச் சட்டத்தின் கீழ் அட்டை உள்ளவருக்கு மட்டுமே அந்த வழி. அந்தச் சட்டத்தின் பயனாளிப் பட்டியலே இன்னும் 2011 மக்கள்தொகைக் கணக்கை வைத்துத்தான் நடக்கிறது. அமைப்புசாராத் தொழிலாளர்களுக்கான இ-ஷ்ரம் தளத்தில் பதிந்தும் அட்டை இல்லாத கோடிக்கணக்கானவர்களுக்கு அட்டை கொடுங்கள் என்று 2023இல் உச்ச நீதிமன்றம் சொல்ல வேண்டியிருந்தது.

அலுவலர்கள் ஏன் இவ்வளவு சந்தேகத்தோடு பார்க்கிறார்கள்? அவர்களை மட்டும் குறைசொல்ல எனக்கு மனமில்லை. ரேஷன் அட்டை இப்போது அரிசிக்கான அட்டையாக மட்டும் இல்லை. பொங்கல் பரிசு அதன்படி. 2021இன் கொரோனா நிவாரணம் 4,000 ரூபாய் அதன்படி. 2023 செப்டம்பர் 15இல் தொடங்கிய கலைஞர் மகளிர் உரிமைத்தொகை மாதம் 1,000 ரூபாய், அதுவும் ஒரு குடும்ப அட்டைக்கு ஒரு பெண் என்ற கணக்கில். 2021 பொங்கலுக்கு 2,500 ரூபாய் அறிவித்த காலத்திலேயே சர்க்கரை அட்டையை அரிசி அட்டையாக மாற்றிக்கொள்ளப் பலர் முந்தினார்கள். ஒரு கழுதை மேல் ஊர்ப்பொதி முழுவதையும் ஏற்றுவது போல, ஒற்றை அட்டையின் மேல் அரசு தன் எல்லாத் திட்டங்களையும் ஏற்றியிருக்கிறது. அதனால் ஒரு புதிய அட்டை என்பது கருவூலத்துக்கு இருபது கிலோ அரிசிச் செலவாக மட்டும் தெரிவதில்லை, இன்னொரு 1,000 ரூபாயாகவும் தெரிகிறது. உரிமைத்தொகைப் பணிகள் நடந்த 2023இல் புதிய அட்டை வழங்குவது பல மாதங்கள் தடைபட்டது. விண்ணப்பங்கள் குவிந்தன. பணம் யாருக்குப் போக வேண்டும் என்ற கவலை, பசித்தவரின் அரிசியை நிறுத்திவைத்தது. இந்த முறையின் ஆகப்பெரிய பிழையாக நான் கருதுவது இதைத்தான்.

அளவு பற்றியும் ஒரு சொல். மிக ஏழைக் குடும்பங்களுக்கான அந்தியோதயா அட்டைக்கு மாதம் 35 கிலோ. தனியாக வாழும் மூதாட்டிக்குச் சாதாரண அரிசி அட்டையில் 12 கிலோ. ஆதரவற்ற விதவை, தீராத நோயாளி, மாற்றுத்திறனாளி ஆகியோர் அந்தியோதயாவுக்கு உரியவர்கள் என்று வழிகாட்டுதல் சொல்கிறது. ஆனால் அதற்கான எண்ணிக்கைக்கு உச்சவரம்பு உண்டு. எல்லோருக்கும் கொடுக்கிறோம் என்ற நிறைவில், கூடுதலாகக் கொடுக்க வேண்டியவரைத் தேடிப்போகும் வேலையை நாம் விட்டுவிட்டோம். பொதுவான திட்டத்துக்குள்ளும் தனிக் கவனம் தேவைப்படுகிறவர்கள் இருக்கிறார்கள் என்பதற்கு இந்த 12 கிலோவே போதும்.

செய்ய வேண்டியவை பெரிய புரட்சிகள் அல்ல. உணவு அட்டையைப் பணத்திட்டங்களிலிருந்து பிரிக்க வேண்டும். உரிமைத்தொகைக்குத் தனி விண்ணப்பமும் தனிச் சரிபார்ப்பும் ஏற்கெனவே இருக்கின்றன, அவை போதும். சமையலறையைப் பார்த்துத் தீர்ப்பு எழுதுவதை நிறுத்திவிட்டு, மணமான இணையர் கேட்டால் கொடுக்கலாம். ஆதார் எண் இருக்கையில் ஒருவர் இரண்டு அட்டையில் இருக்க முடியாது, ஏமாற்றுக்கு அஞ்சும் காலம் போய்விட்டது. முகவரி இல்லாதவருக்கு அவர் பொருள் வாங்கும் கடையையே முகவரியாக வைத்து அட்டை தரலாம். மறுக்கும்போது முழுக் காரணத்தையும், எங்கே மேல்முறையீடு செய்வது என்பதையும் எழுத்தில் தர வேண்டும். விண்ணப்பம் நிலுவையில் இருக்கும் மாதங்களுக்குத் தற்காலிக அட்டை கொடுப்பது இவை எல்லாவற்றையும்விட அவசரமானது. பழைய அட்டையில் பெயர் நீங்கி, புதிய அட்டை வராமல் நிற்கும் இடைக்காலத்திலும் மனிதர்கள் சாப்பிடத்தான் வேண்டும்.

அதுவரைக்கும் அட்டை உள்ளவர்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. உங்கள் தெருவில் காவலுக்கு இருப்பவர், வீட்டு வேலைக்கு வருபவர், பக்கத்தில் கட்டடம் கட்டுபவர் ஆகியோரிடம் ரேஷன் கார்டு இருக்கிறதா என்று கேட்டுப்பாருங்கள். இல்லை என்றால், மாதத்தின் இரண்டாவது சனிக்கிழமை வட்ட அளவில் நடக்கும் பொது விநியோகக் குறைதீர் முகாமுக்கு அவருடன் போங்கள். முடியாவிட்டால் 1967 என்ற உதவி எண்ணுக்கு அழைத்துப் புகாரைப் பதிவு செய்யுங்கள். நீங்கள் வாடகைக்கு விட்டிருக்கும் வீட்டில் இருப்பவர் முகவரிச் சான்று கேட்டால் மறுக்காமல் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள்.