கேள்வி கேட்டவரும் கேள்விக்குரியவரே!

அதிகாரத்தின் முன் அஞ்சாது நின்ற பத்திரிகையாளர் யார் என்று கேட்டால், அமெரிக்க நாட்டார் பலர் எட்வர்ட் மர்ரோவின் பெயரைத்தான் உரைப்பர். உரைப்பதில் தவறில்லை. ஆனால், போற்றுவதோடு நிற்பது பக்தரின் வேலை. எடைபோட்டுப் பார்ப்பதே பகுத்தறிவாளர் கடமை. அந்த எடைக்கல்லை நாம் கையில் எடுக்கிறோம்.

1940இல் இலண்டன் மாநகர் மீது இட்லரின் குண்டுகள் மழையெனப் பொழிந்தபோது, மாடி மீது நின்று, கண்டதைக் கண்டபடி வானொலியில் தம் நாட்டாருக்குக் கூறியவர் மர்ரோ. 1945 ஏப்ரலில் புக்கன்வால்ட் வதைமுகாமின் கொடுமையை உலகின் செவியில் ஏற்றியவரும் அவரே. அவர் பேச்சிலே ஆர்ப்பாட்டமில்லை, உண்மை இருந்தது.

1950இல் மெக்கார்த்தி என்னும் செனட்டர் கிளம்பினார். அரசுப் பணியிலே பொதுவுடைமையர் புகுந்துவிட்டனர் என்று கூவினார். பட்டியல் உண்டென்றார், சான்று காட்டினாரில்லை! குற்றச்சாட்டே தீர்ப்பாயிற்று, வேலையிழந்தோர் பலர், வாய்மூடினோர் பலப்பலர்.

1954 மார்ச் 9ஆம் நாள், சி.பி.எஸ். தொலைக்காட்சியில் மர்ரோ அவரை எதிர்த்தார். வசை பாடினாரா? இல்லை. மெக்கார்த்தி பேசிய படத்துண்டுகளையே வரிசையாகக் காட்டி, ஒவ்வொரு கூற்றின் பக்கத்திலும் உண்மையை வைத்தார். புரட்டரை வீழ்த்தப் புரட்டரின் வாயே போதும் என்று மெய்ப்பித்தார். பகுத்தறிவுப் பிரசாரத்திற்கு இதனினும் சிறந்த பாடம் வேறென்ன வேண்டும்?

அவ்வாண்டு டிசம்பர் 2இல் செனட் சபை 67க்கு 22 என்ற வாக்கில் மெக்கார்த்தியைக் கண்டித்தது. அப்புகழ் முழுதும் மர்ரோவுக்கே என்று மாலை சூட்டுவோர், ஒன்றை மறக்கின்றனர். ஹெர்பிளாக் என்னும் கருத்துப்பட ஓவியர் 1950லேயே 'மெக்கார்த்தியிசம்' என்ற சொல்லைத் தீட்டிச் சாடிவிட்டார். மர்ரோவின் பெருந்தாக்குதல் வர நான்கு ஆண்டுகள் ஆயின!

பிறகு வணிகம் தன் வேலையைக் காட்டிற்று. 1955இல் அல்கோவா நிறுவனம் விளம்பர ஆதரவை நிறுத்தியது. 1958இல் நிகழ்ச்சியே நின்றது. அவ்வாண்டே சிகாகோவில், மக்களுக்கு அறிவூட்டாத தொலைக்காட்சி கம்பியும் விளக்கும் அடைத்த வெறும் பெட்டியே என்ற கருத்துப்பட, தமக்கு ஊதியம் அளித்த முதலாளிகளின் துறையையே இடித்துரைத்தார். அது ஆண்மை!

1960 நவம்பரில், ஊர் ஊராய் அலைந்து அறுவடை செய்யும் ஏழை உழைப்பாளரின் அவலத்தை 'அவமானத்தின் அறுவடை' என்று படம்பிடித்துக் காட்டினார். செல்வர் வீட்டு விருந்து யாருடைய வியர்வையில் விளைந்தது என்று கேட்டார்.

கேட்டவர் என்ன ஆனார்? 1961இல் கென்னடி அரசின் தகவல் நிறுவனத் தலைவரானார். அதே படத்தை இங்கிலாந்தில் காட்ட வேண்டாமென்று பி.பி.சி.யைக் கேட்டுக்கொண்டார்! பி.பி.சி. இணங்கவில்லை; படம் காட்டப்பட்டது.

உழைப்பாளரின் கண்ணீர் மாறவில்லை. மர்ரோவின் நாற்காலி மாறிற்று. உள்நாட்டில் உண்மையாயிருந்தது, கடல் கடந்தால் நாட்டின் மானத்துக்கு இழுக்காகிவிடுமா?

மர்ரோவைச் சிறுமைப்படுத்த இதனை எழுதினோமில்லை. 1965இல் மறைந்த அவர், பத்திரிகை உலகின் பெருமக்களில் ஒருவர் என்பதே நம் துணிபு. ஆயினும், எழுதுகோலும் ஒலிவாங்கியும் ஏந்தவரும் இளைஞர்கள் அவரிடம் இரண்டையும் கற்க வேண்டும். எதிரியின் ஆட்சியில் கேள்வி கேட்பது துணிவு. நண்பரின் ஆட்சியிலும் அதே கேள்வியைக் கேட்பதே நேர்மை!