காதைத் தீட்டிக்கொண்டு பாருங்கள்

ஆனந்த் பட்வர்தன் எழுபதுகளிலிருந்து ஆவணப்படம் எடுத்துவருகிறார். எல்லாவற்றையும் பார்த்துத்தான் அவரை ரசிக்க வேண்டும் என்றில்லை. இரண்டு போதும், வரிசை மட்டும் மாறக்கூடாது. முதலில் 1985இல் வந்த ‘பாம்பே அவர் சிட்டி’. அடுத்து 2011இல் முடிந்த ‘ஜெய் பீம் காம்ரேட்’. (இணையத்தில் தேடினால் சூர்யா படம் முந்திக்கொண்டு வரும். அது வேறு.)

முதல் படம் மாநகராட்சி இடித்துத் தள்ளிய குடிசைகளைப் பற்றியது. பிழைப்புக்கான உரிமையும் உயிர்வாழும் உரிமையில் அடங்கும் என்று பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் அதே ஆண்டில்தான். முறைப்படி நோட்டீஸ் கொடுத்துவிட்டு அப்புறப்படுத்தலாம் என்றும் அந்தத் தீர்ப்பே சொன்னது.

படத்தில் ஒரு பெண் படம் எடுக்க வந்தவர்கள் மீதே பாய்கிறார். எங்களைப் படம்பிடித்து நீங்கள் பெயர் வாங்குவீர்கள், எங்களுக்கு என்ன ஆகப்போகிறது என்பது அவர் கேள்வியின் சாரம். வேறொருவர் படமாக இருந்தால் அந்தத் துண்டு எடிட்டிங் அறையிலேயே விழுந்திருக்கும். பட்வர்தன் அதை வைத்துக்கொண்டார். பதிலும் சொல்லவில்லை. ஏழைகளைப் பற்றிய எந்தப் படத்தையும் இந்த உரைகல்லில் உரசிப் பார்க்கலாம்: படமாகிறவர் படமெடுப்பவரைத் திட்ட அதில் இடம் இருக்கிறதா?

குறையும் உண்டு. பங்களாவாசிகளின் பேச்சையும் இடிந்த குடிசைகளையும் அடுத்தடுத்து வெட்டி ஒட்டும்போது நமக்குப் புரியாதோ என்று இயக்குநர் கவலைப்படுவது தெரிகிறது. அதைப் பொறுத்துக்கொண்டு பாடல்களைக் கவனியுங்கள். அங்கே பாடுகிற விலாஸ் கோக்ரேயின் முகத்தை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

1997 ஜூலை 11. மும்பை காட்கோபரில் ரமாபாய் நகர் என்னும் தலித் குடியிருப்பில் அம்பேத்கர் சிலைக்கு யாரோ செருப்பு மாலை போட்டிருந்தார்கள். மக்கள் திரண்டார்கள், போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். சில நாட்களில் விலாஸ் கோக்ரே தூக்கில் தொங்கினார். இடதுசாரிக் கலைக்குழுவில் பாடிவந்தவர், சாகும்போது தலையில் அம்பேத்கர் இயக்கத்தின் நிறமான நீலத் துணி கட்டியிருந்தார். அந்த நீலம் ஏன் என்று கேட்டுக்கொண்டு பட்வர்தன் 14 ஆண்டுகள் அலைந்ததுதான் ‘ஜெய் பீம் காம்ரேட்’.

ஏறத்தாழ மூன்று மணி நேரம் ஓடும் படம். கைபேசியில் துண்டு துண்டாகப் பார்த்தால் வீண். நாலு பேரைக் கூட்டிவைத்து ஒரே மூச்சில் பாருங்கள். மராத்திப் பாடல்கள் வரும்போது சப்டைட்டிலை ஒருமுறை ஓரக்கண்ணால் பார்த்தால் போதும். மீதி நேரம் பாடுகிறவரையும் கேட்கிற கூட்டத்தையும் பாருங்கள். பாடகர் சாம்பாஜி பகத் தொண்டையைத் திறந்தால் மொழி தெரியாத குறையே தோன்றாது. ஒடுக்கப்பட்டவர்களைக் கண்ணீரும் மௌனமுமாகக் காட்டும் படங்களில் எனக்குச் சலிப்பு வந்து வெகுநாள் ஆயிற்று. இதில் அவர்கள் பாடுகிறார்கள், கிண்டலடிக்கிறார்கள், தங்கள் தலைவர்களையே நாறடிக்கிறார்கள்.

கேமராவுக்குப் பின்னாலிருந்து வரும் குரலையும் விட்டுவிடாதீர்கள். பட்வர்தனே கேமரா பிடித்துக்கொண்டு ஒன்றும் தெரியாதவர்போல் கேட்பார். சாதியெல்லாம் இப்போது ஏது என்று மேல்தட்டுக்காரர்கள் ஆரம்பிப்பார்கள். அவர் மறுக்க மாட்டார். இன்னொரு சின்னக் கேள்வி போடுவார். அடுத்த வாக்கியத்தில் சாதி தானாக வெளியே வந்துவிடும். முந்தைய படத்தில் வெட்டி ஒட்டிச் சொன்னதை இங்கே காத்திருந்தே சொல்லிவிடுகிறார்.

ரமாபாய் நகரில் டேங்கர் லாரியைக் கூட்டம் கொளுத்தப் பார்த்ததால்தான் சுட்டோம் என்றது போலீஸ். அதற்குச் சான்றாகக் காட்டிய வீடியோவைப் படம் ஒரு வக்கீலின் பொறுமையோடு பிரித்துப் பார்க்கிறது. இந்தப் பகுதியை மட்டும் இரண்டாம் முறை ஓட்டிப் பாருங்கள்.

பிற்பகுதியில் கபீர் கலா மஞ்ச் என்னும் கலைக்குழுவின் இளைஞர்கள் வருகிறார்கள். அரசின் நெருக்கடியில் அவர்கள் தலைமறைவாவதோடு படம் முடிகிறது. அவர்களில் ஷீதல் சாத்தே 2013இல் கர்ப்பிணியாகச் சரணடைந்தார், பிறகு ஜாமீனில் வந்தார். இப்போதும் மேடைகளில் பாடுகிறார். பதிவுகள் யூடியூபில் கிடைக்கின்றன.