அணைதலும் அலசலும்

சி.சு. செல்லப்பா என்ற பெயரில் எனக்கு முதலில் பிடித்தது அந்தச் ‘சி’தான். ‘சு’ அப்பா சுப்பிரமணியம். ‘சி’ சின்னமனூர். 1912 செப்டம்பர் 29 அன்று பிறந்தது இங்கே. வளர்ந்ததும் சொந்த ஊராகச் சொல்லிக்கொண்டதும் வத்தலக்குண்டு. ‘கமலாம்பாள் சரித்திரம்’ எழுதிய ராஜம் அய்யரின் ஊர், ‘மணிக்கொடி’ பி.எஸ். ராமையாவின் ஊர். எழுத வருகிறவன் பெயருக்கு முன்னால் ஒரு ‘வ’ போட்டுக்கொள்ள ஆசைப்படக்கூடிய ஊர்தான். இவர் போடவில்லை. கம்பம் பள்ளத்தாக்குக்காரனான எனக்கு அதில் ஒரு அற்ப சந்தோஷம்.

எழுத்தும் சின்னமனூரும் பழைய உறவு. மதுரையில் சங்கம் வைத்ததையும் மகாபாரதத்தைத் தமிழாக்கியதையும் பாண்டிய வம்சத்தின் பெருமைகளாகச் சொல்லும் செப்பேடுகள் இந்த ஊரில் கிடைத்தவை. செப்பேட்டில் எழுதுகிறவனுக்கு இடம் கொஞ்சம், வேலை அதிகம். ஒவ்வொரு எழுத்தையும் வெட்டி எடுக்க வேண்டும், வீண் சொல்லுக்குக் கை வலிக்கும். செல்லப்பாவின் ‘வாடிவாசல்’ நாவலைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த உளிச் சத்தம் கேட்கும்.

எழுபது பக்கத்தை ஒட்டிய சின்னப் புத்தகம். ஒரு ஜல்லிக்கட்டு, ஒரே பிற்பகல். செல்லாயி கோயில் திடலில் கூட்டம் காத்திருக்கிறது. பிச்சியும் அவன் மச்சான் மருதனும் வெளியூரிலிருந்து வந்து நிற்கிறார்கள். பக்கத்தில் பேச்சுக்கு ஆள் தேடும் ஒரு கிழவர். பிச்சி யார், எதற்கு வந்திருக்கிறான் என்பதைச் செல்லப்பா தானாகச் சொல்வதில்லை. கிழவர் பேசப் பேச, கொஞ்சம் கொஞ்சமாகக் கசிகிறது. ஜமீன்தாரின் காரிக் காளை கொம்பில் உயிர்விட்ட அம்புலியின் மகன் இவன். இதை முதல் பக்கத்திலேயே உடைத்திருந்தால் பழிவாங்கும் கதை ஒன்று மிஞ்சியிருக்கும். கிழவரின் வாய் வழியே விட்டதால், கதை தெரிவதற்கு முன்பே நாம் அந்தக் கூட்டத்தில் தோளோடு தோள் இடித்து நிற்கிறோம். கிழவருக்குத் தெரிவதும் நமக்குத் தெரிவதும் ஏறக்குறைய ஒரே நேரத்தில்.

இன்னொரு நுட்பம், செல்லப்பா நிற்கும் இடம். ஜல்லிக்கட்டு எழுத வந்தவர்கள் பெரும்பாலும் பரண்மேல் ஏறிக்கொள்வார்கள். அங்கிருந்து பார்த்தால் திடல் முழுக்கத் தெரியும், புழுதி தெரியும், மாடு மட்டும் பொம்மை மாதிரி தெரியும். செல்லப்பா வாடிவாசல் ஓரத்தில், கொம்பு எட்டும் தூரத்தில் நிற்கிறார். அங்கே முழுக் காளை தெரியாது. ஒரு நேரம் கொம்பின் வளைவு, ஒரு நேரம் திமில், ஒரு நேரம் கண். மாட்டின் கண் எங்கே பார்க்கிறது, மனிதன் கண் எங்கே பார்க்கிறது என்ற கணக்கைத்தான் அவர் வாக்கியங்கள் போட்டுக்கொண்டே இருக்கின்றன. ஒரு நொடியில் முடிகிற அசைவை நாலாக வெட்டி, நாலுக்கும் தனித்தனி வினை கொடுப்பார். உவமைக்கு அவசரப்படமாட்டார். பிராமண வீட்டில் பிறந்தவர் தேவமார் பேச்சை இத்தனை சுத்தமாக எழுதியதற்கும் இந்தக் கிட்டத்து நிற்பே காரணம் என்று நினைக்கிறேன். கேட்டுப் பழகிய காது.

இந்தப் புத்தகத்தைத் தேனியிலிருந்து கம்பம் போகும் பஸ்ஸில் ஒருமுறை திரும்பப் படித்துக்கொண்டிருந்தேன். வீரபாண்டியில் ஏறிய பெரியவர் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்தார். அட்டையை எட்டிப் பார்த்தார்.

“என்ன தம்பி, மாட்டுப் பொஸ்தகமா?”

“ஆமாங்கய்யா. காளையை அடக்குறவனப் பத்தின கதை.”

“அடக்குறதாவது! மாட்ட எவன்யா அடக்க முடியும்? அணையிறதுன்னு சொல்லுங்க. நான் அய்யம்பட்டியில அணைஞ்சிருக்கேன், பல்லவராயன்பட்டியில அணைஞ்சிருக்கேன்.”

சட்டைக் கையைச் சுருட்டி முழங்கைத் தழும்பைக் காட்டினார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. கையில் இருந்த புத்தகத்திலேயே அந்தச் சொல்தான் இருக்கிறது. பத்திரிகையும் டிவியும் சொல்லிச் சொல்லி என் நாக்கில் ‘அடக்குதல்’ உட்கார்ந்துவிட்டது. அணைதல் என்றால் திமிலைக் கட்டிப்பிடித்து, மாட்டோடு மாடாகத் தவ்வித் தொங்குவது. பிள்ளையை அணைப்பதற்கும் அதே சொல்தான். சண்டையும் பிரியமும் ஒரே வினையில் அடங்கிக் கிடப்பதைச் செல்லப்பா தொட்டுக் காட்டவில்லை, விளக்கவில்லை. ஊர்ச் சொல்லை ஊர்க்காரன் வாயில் வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்.

அவருடைய பத்திரிகை வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ‘சுதந்திரச் சங்கு’, ‘மணிக்கொடி’ என்று எழுத ஆரம்பித்தவர். நடுவில், 1941இல், சத்தியாக்கிரகம் செய்து சிறை. பிறகு ‘சந்திரோதயம்’, ‘தினமணி கதிர்’. 1959 ஜனவரியில், கையில் பெரிய பணம் இல்லாமல், திருவல்லிக்கேணி பிள்ளையார் கோயில் தெருவிலிருந்து ‘எழுத்து’ என்ற பத்திரிகையைத் தொடங்கினார். 1970 வரை 119 இதழ்கள். ந. பிச்சமூர்த்தி, சி. மணி, பசுவய்யா, திருகோணமலையிலிருந்து எழுதிய தருமு சிவராமு என்று புதுக்கவிதை ஒரு கூட்டமாக நடந்து வந்தது அந்தப் பக்கங்களில்தான். 1962இல் 24 பேரின் 63 கவிதைகளைத் தொகுத்து ‘புதுக்குரல்கள்’ போட்டார்.

கட்டுரையாளர் செல்லப்பாவுக்கு அக்காலத்தில் கிடைத்த பட்டம் ‘அலசல்’. ஒரு கதை நன்றாக இருக்கிறது என்று ரசனையோடு சொல்லிவிட்டுப் போவது விமர்சகர் க.நா.சு. வழி. எங்கே நன்றாக இருக்கிறது, எந்த வரியில் திரும்புகிறது என்று பிரித்துப் பார்ப்பது இவர் வழி. பிடிக்காதவர்கள் கேலியாகவே அலசல் என்றார்கள். எனக்கு அது நல்ல சொல்லாகப் படுகிறது. முல்லையாற்றங்கரையில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும்: கல்லில் அறைந்து துவைப்பது வேறு, ஓடுகிற தண்ணீரில் விரித்துப் பிடித்து அலசுவது வேறு. துவைப்பதில் துணி நையும். அலசும்போது துணிக்கு ஒன்றும் ஆகாது. அழுக்கும் சோப்பும் போய், நெசவு கண்ணுக்குத் தெரியும். ‘தமிழில் சிறுகதை பிறக்கிறது’ அப்படி விரித்துப் பிடித்த புத்தகம். மாட்டின் கண் போகும் திசையைப் பார்த்த அதே கண், அங்கே வாக்கியம் போகும் திசையைப் பார்க்கிறது.

சில சமயம் அலசி முடித்த பிறகும் அவர் துணியைத் தண்ணீரை விட்டு எடுக்கமாட்டார் என்பதும் உண்மை. சில கட்டுரைகளில் எனக்குப் பாதியில் மூச்சு வாங்கியிருக்கிறது. 1997இல் தானே மூன்று பாகமாக வெளியிட்ட ‘சுதந்திர தாகம்’ நாவலில் அந்தச் செப்பேட்டுக்காரரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். அவர் 1998 டிசம்பரில் இறந்துபோனார். சாகித்திய அகாதெமி 2001இல் பரிசு கொடுத்தது அந்த நாவலுக்குத்தான். நான் கொடுத்திருந்தால் எழுபது பக்கத்துக்குக் கொடுத்திருப்பேன்.

புத்தகங்களை மூட்டையாகச் சுமந்து கல்லூரி கல்லூரியாகப் போய் விற்றவர் அவர். கை சும்மா இருந்தால் பஞ்சில் பொம்மை செய்வாராம். கண்ணும் விரலும் ஓயாத மனிதர்.

சீலையம்பட்டி தாண்டும்போது பெரியவர் புத்தகத்தை வாங்கிக் கையில் எடைபோட்டுப் பார்த்தார்.

“இம்புட்டுத்தானா? கடைசியில என்ன ஆகுது?”

“பிச்சி அணைஞ்சிடுறான். தொடையில குத்து. தோத்த மாட்டை ஜமீன்தாரே சுட்டுடுறாரு.”

இந்தச் சாவுக்குச் செல்லப்பா செலவழிப்பது சில வரிகள்தான். பெரியவர் அதுக்கும் குறைவாகச் செலவழித்தார். ஒன்றும் சொல்லவில்லை. ஜன்னல் வழியே வாழைத்தோப்பைப் பார்த்துக்கொண்டு வந்தார். சின்னமனூர் நிறுத்தத்தில் எழுந்தபோதுதான் கேட்டார்.

“எழுதுனவரு எந்த ஊரு?”

“பேருக்கு முன்னால ‘சி’ இருக்கு பாருங்க. சின்னமனூருதான்.”

“அதானே” என்று சொல்லிக்கொண்டே படியிறங்கினார்.