காதல், தோழமை, வாழ்க்கைத் தேவைகள்: செர்னிஷேவ்ஸ்கி, கொலந்தாய் ஆகியோரின் படைப்புக்களை முன்வைத்து ஒரு நோக்கு

1

நாவலிலே காதல் பெறும் இடம் பற்றி நமது முற்போக்கு விமர்சனம் ஆழமாகச் சிந்தித்துள்ளது என்று கூறமுடியாது. காதலை மையப்பொருளாகக் கொண்ட நாவல்களைத் தனிமனித உணர்ச்சிகளின் பதிவுகள் என ஒதுக்குவதும், காதலைத் துறந்து இயக்கத்துக்குத் தம்மை ஒப்புக்கொடுக்கும் பாத்திரங்களை இலட்சிய மாந்தராகப் போற்றுவதும் ஏறக்குறைய வாய்பாடுகளாகிவிட்டன. இவ்விரண்டுக்கும் அடிப்படை ஒன்றே. காதல் அந்தரங்கமானது, வரலாற்றுக்கு வெளியே நிற்பது என்ற எண்ணமே அது. முதலாளித்துவ சமுதாயம் தன்னைப் பற்றிக் கூறிக்கொள்ளும் கூற்றுக்களில் ஒன்றான இதனை மார்க்சிய விமர்சகர் பரிசீலனையின்றி ஏற்றுக்கொண்டமை விந்தையே.

தமிழிலக்கிய மாணவர்க்கு இவ்வெண்ணம் அந்நியமானதாக இருந்திருத்தல் வேண்டும். காதலரைப் பிரிக்கும் காரணங்களாக ஓதல், பகை, தூது, பொருள் ஆகியவற்றை நமது இலக்கண நூலார் வகுத்துரைத்தனர். காதலும் பிழைப்பும் மோதும் இடத்தையே பாலைத்திணை தனது களமாகக் கொண்டது. அகப்பாடல்களின் பின்னணியிலுள்ள சமூக, பொருளாதார உறவுகளைப் பேராசிரியர் கா. சிவத்தம்பி திணைக்கோட்பாடு பற்றிய தமது 1974ஆம் ஆண்டுக் கட்டுரையில் விளக்கியுள்ளார். அவர் திறந்துவிட்ட வழியிற் சென்று நாம் மேலும் சில வினாக்களை எழுப்பலாம். பொருள் தேடிப் புறப்படுபவன் தலைவன், காத்திருப்பவள் தலைவி, இருவர்க்கும் இடைநின்று தூது சென்று, பொய் சொல்லி, ஆற்றுவித்து, அறிவுரை கூறி உழைப்பவள் தோழி. அத்தோழி செவிலியின் மகள் என்பது தொல்காப்பியம் தரும் செய்தி. அதாவது, தோழமையின் அடியிலே ஊழியம் இருக்கிறது. யார் புறப்படுகிறார், யார் காத்திருக்கிறார், இவர்களது காதல் நடைபெறுவதற்காக யார் உழைக்கிறார் என்ற மூன்று வினாக்களையும் எக்காலத்துக் காதற்கதையிடத்தும் கேட்கலாம்.

புதிய மனித உறவுகளைப் படைக்கவென்றே எழுதப்பட்ட இரு உருசியப் படைப்புக்களிடம் இவ்வினாக்களைக் கேட்பதே இக்கட்டுரையின் நோக்கம். ஒன்று, நிக்கொலாய் செர்னிஷேவ்ஸ்கியின் ‘என்ன செய்ய வேண்டும்?’ (1863). மற்றது, அலெக்சாண்டிரா கொலந்தாய் எழுதிய ‘வசிலிசா மலிகினா’ (1923) என்னும் குறுநாவல். இவற்றுக்கும் நமது அகமரபுக்கும் நேரடித் தொடர்பு எதுவுமில்லை. வினாக்கள் பொருந்துகின்றன என்பதே ஒப்பீட்டுக்குப் போதிய நியாயமாகும்.

2

செர்னிஷேவ்ஸ்கி 1862 யூலையிற் கைது செய்யப்பட்டு, சென் பீற்றர்ஸ்பேர்க் நகரின் பீற்றர்–பவுல் கோட்டையிலே சிறை வைக்கப்பட்டார். அங்கிருந்தே இந்நாவலை எழுதினார். தணிக்கையாளரின் கவனக்குறைவினால் 1863இல் ‘சொவ்ரெமென்னிக்’ சஞ்சிகையில் வெளிவந்த இது பின்னர் தடைசெய்யப்பட்டது. 1905 வரை உருசியாவில் இதனை வெளிப்படையாக நூலுருவில் வெளியிட முடியவில்லை. கையெழுத்துப் படிகளாகவும் வெளிநாட்டுப் பதிப்புக்களாகவும் உலவி இரு தலைமுறை இளைஞரை உருவாக்கிய இந்நூலின் பெயரையே 1902இல் லெனின் தமது பிரசித்திபெற்ற பிரசுரத்துக்குச் சூட்டினார். இந்நூல் கலையழகிற் குறைந்தது என்பது நெடுங்காலமாகக் கூறப்பட்டுவரும் குற்றச்சாட்டு. அது பெருமளவு உண்மையே. ஆயின் அக்குற்றச்சாட்டோடு நின்றுவிடுபவர்கள் நூல் எழுப்பும் பிரச்சினையை நழுவவிடுகின்றனர்.

வேரா பாவ்லொவ்னா என்னும் பெண்ணை அவளது தாய், வீட்டுச் சொந்தக்காரியின் மகனுக்கு மணமுடித்து வைக்க முயல்கிறாள். தம்பிக்குப் பாடஞ் சொல்லிக் கொடுக்க வரும் மருத்துவ மாணவனான லொப்புக்கோவ், தனது படிப்பை முடிக்காமலே அவளை மணந்து அவ்வீட்டினின்றும் விடுவிக்கிறான். ஆளுக்கோர் அறையும் இருவர்க்கும் பொதுவான ஓர் அறையும் கொண்டு, அனுமதியின்றி ஒருவர் அறைக்குள் மற்றவர் நுழைவதில்லை என்ற விதியோடு அவர்களது இல்லறம் நடைபெறுகிறது. வேரா, தையற்காரிகள் இலாபத்தைத் தம்முட் பகிர்ந்துகொள்ளும் ஒரு கூட்டுறவுத் தையற்கூடத்தை நிறுவுகிறாள். பின்னர் கணவனின் நண்பனான கிர்சானோவுக்கும் அவளுக்கும் இடையிற் காதல் அரும்புகிறது. இதை உணர்ந்த கிர்சானோவ் நட்பின் பொருட்டு விலகுகிறான். நண்பன் நோயுறவே சிகிச்சையளிக்க மீண்டும் வரவேண்டியவனாகிறான். முடிவில் லொப்புக்கோவ் தான் தற்கொலை செய்துகொண்டதாக உலகை நம்பவைத்து அமெரிக்கா செல்கிறான்.

முக்கோணக் காதற்கதைகள் வழமையாகப் பொறாமையில் ஆரம்பித்துக் கொலையிலோ துறவிலோ முடிவன. செர்னிஷேவ்ஸ்கி அவ்வாய்பாட்டைத் தலைகீழாக்குகிறார். இங்கே தற்கொலை பொய்யானது, நட்பு மெய்யானது. மனைவி ஓர் உடைமை அல்லள் என்ற கருத்தை ஏற்றுக்கொண்ட இருவர் அதன்படி நடக்க முயலும்போது எத்தகைய சிக்கல்கள் எழும் என்பதே நாவலின் விசாரணை. பண்ணையடிமை முறை 1861இல் ஒழிக்கப்பட்டு இரண்டாண்டுகளே கழிந்த நிலையில், மனிதரை மனிதர் உடைமையாகக் கொள்வது பற்றிய வினாவைக் குடும்பத்துக்குள்ளே கொண்டுவந்து வைத்தார் என்பதிலேயே இந்நூலின் வரலாற்று முக்கியத்துவம் தங்கியுள்ளது.

இவ்விடத்திலே ரக்மேதொவ் வரும் காட்சி உற்றுநோக்கத்தக்கது. கணவன் இறந்தான் என நம்பித் துயருறும் வேரா நகரைவிட்டுச் செல்லத் தயாராகிறாள். லொப்புக்கோவிடமிருந்து கடிதம் கொண்டுவந்த ரக்மேதொவ், தையற்கூடத்தைக் கைவிட்டுப் போவதற்காக அவளைக் கண்டிக்கிறான். உனது துயரம் உனக்குரியது, ஆயின் உன்னை நம்பியிருக்கும் தொழிலாளப் பெண்களின் பிழைப்பு உனக்கு மட்டும் உரியதன்று என்பதே அவனது வாதத்தின் சாரம். வாதம் சரியானது. ஆனால் அதைக் கூறுபவன் யார்? தன்னை நேசித்த பெண்ணை, தனது பணிக்குக் காதல் பொருந்தாது எனக் கூறி ஏற்க மறுத்தவன். காதலையே துறந்தவனுக்குக் காதலுக்கும் கடமைக்கும் இடையே பிரச்சினை எழுவதில்லை. ரக்மேதொவை முன்மாதிரியாகக் கொண்ட பிற்காலத்தவர் பலர், செர்னிஷேவ்ஸ்கியே அவனை அரிதான விதிவிலக்காகக் காட்டினார் என்பதை மறந்தனர். நாவலின் உண்மையான வினா வேராவினுடையதே: நேசிக்கவும் வேண்டும், உழைக்கவும் வேண்டும், இரண்டையும் ஒருங்கே செய்வதற்கு வாழ்க்கை எவ்வாறு அமைதல் வேண்டும்? இரண்டாவது திருமணத்தின் பின் அவள் மருத்துவம் பயில முற்படுவதும் இவ்வினாவின் தொடர்ச்சியே.

நாவல் இதற்குத் தரும் விடை முழுமையானதன்று. அறைகளைத் தனித்தனியே பிரித்துக்கொண்ட அவ்வில்லத்தில் மாஷா என்னும் வேலைக்காரப் பெண் இருக்கிறாள். சமத்துவம் பேசும் தம்பதிகளுக்குத் தேநீர் கொண்டுவருபவள் அவளே. வேரா காணும் நான்காவது கனவில் வரும் பளிங்கு மாளிகையிலே உணவு பொதுவாகச் சமைக்கப்படுகிறது. பிரச்சினை அங்கே தீர்ந்துவிடுகிறது. கனவுக்கும் மாஷாவுக்கும் இடைப்பட்ட தூரத்தை நாவல் அளக்கவில்லை.

3

காதலும் நட்பும் பற்றிய மார்க்சிய ஆய்வுகளை இந்தப் பின்னணியில் நோக்குவது பயனுடையது. ஏங்கெல்ஸ் தமது ‘குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்’ (1884) என்னும் நூலில் ஒருதார மணத்தைச் சொத்துரிமையோடு தொடர்புபடுத்தி விளக்கினார். எதிர்காலத்தில் ஆண் பெண் உறவு எவ்வாறிருக்கும் என்பதை மட்டும், பணத்தாலும் அதிகாரத்தாலும் பெண்ணைப் பெறுதல் என்றால் என்னவென்றே அறியாத ஒரு தலைமுறை முடிவுசெய்துகொள்ளும் என விட்டுவிட்டார்.

ஏங்கெல்ஸ் விட்ட இடத்திலிருந்து தொடர முயன்றவர் கொலந்தாய். 1917இல் சோவியத் அரசின் சமூகநல மக்கள் ஆணையாளராகவும், 1920 முதல் 1922 வரை கட்சியின் பெண்கள் பிரிவுத் தலைவராகவும் பணியாற்றிய அவர், தொழிலாளர் எதிரணியிற் பங்குகொண்டதன் பின்னர் 1922இல் நோர்வேக்கு இராஜதந்திரப் பணிக்கென அனுப்பப்பட்டார். 1923இல் ‘மொலதாயா குவார்தியா’ சஞ்சிகையில் உழைக்கும் இளைஞர்க்கு ஒரு கடித வடிவில் அவர் எழுதிய கட்டுரை காதலின் வரலாற்றை ஆராய்கிறது. ஒவ்வொரு சமுதாயமும் தனக்குத் தேவையான உணர்ச்சியையே உயர்ந்ததெனப் போற்றிற்று என்பது அவரது கருத்து. பண்டைய சமுதாயம் நட்பை உயர்த்திற்று. நிலமானிய சமுதாயம் வீரனின் எட்டாக் காதலைப் போற்றிற்று. முதலாளித்துவமோ, சேமித்த செல்வத்தைக் காக்கும் குடும்பத்தின் தேவைக்கேற்பக் காதலைத் திருமணத்துக்குள் அடக்கிற்று. தொழிலாள வர்க்கம் போற்றவேண்டியது ‘தோழமைக் காதல்’ என்றார் அவர். ஒருவரின் உரிமையை மற்றவர் மதித்தல், மற்றவரின் இதயத்தையும் ஆன்மாவையும் முழுதாக உடைமை கொள்ள முனையாமை, தோழரின் உள்ளத்தை உணரும் திறன் ஆகியவை அதன் இயல்புகள்.

கொலந்தாய் ஒழுக்கக் கேட்டைப் போதித்தார் என்று அன்றும் பின்னரும் கூறப்பட்டது. கட்டுரையை நேரே படிப்பவர் இக்கூற்றை ஏற்கமாட்டார். உணர்ச்சியின் பிணைப்பற்ற வெறும் உடல் வேட்கையை அவர் இலட்சியமாக முன்வைக்கவில்லை. காதலையும் நட்பையும் எதிரெதிரே நிறுத்தாது, நட்பின் பண்புகளைக் காதலுக்குள் கொண்டுவர முயன்றமையே அவரது பங்களிப்பு.

4

கோட்பாட்டில் எளிதாகத் தீர்ந்தது கதையில் அவ்வாறு தீரவில்லை. ‘வசிலிசா மலிகினா’வைக் கட்டுரையினும் ஆழமானதாக நான் கருதுவதற்கு இதுவே காரணம்.

வசிலிசா பின்னலாடைத் தொழிலாளி, போல்ஷெவிக், பல குடும்பங்கள் சேர்ந்து வாழும் ஒரு கூட்டு இல்லத்தை அமைத்து நடத்துபவள். புரட்சிக் காலத்தில் தோழனாக வந்து துணைவனான விளாடிமிர், 1921இல் புதிய பொருளாதாரக் கொள்கை வந்த பின்னர் வேறொரு நகரிலே நிறுவனமொன்றின் பணிப்பாளனாகிறான். அவள் அவனைத் தேடிச் செல்லும்போது காண்பது அலங்கரிக்கப்பட்ட வீட்டையும், விருந்துக்கு வரும் வர்த்தகரையும், அவனது நிர்வாகத்தின் கீழ் அதிருப்தியுற்றிருக்கும் தொழிலாளரையும். நீனா என்னும் மற்றொரு பெண்ணுடன் அவன் கொண்ட உறவும் பின்னர் தெரியவருகிறது.

கணவனின் துரோகம் என்ற பழைய கதையாக இது நின்றுவிடவில்லை. வசிலிசா எதனால் வருந்துகிறாள் என்பதைக் கதை படிப்படியாகத் துருவுகிறது. நீனாவைப் பற்றிய பொறாமை ஒரு பகுதியே. துணைவன் எந்த நொடியில் தோழன் என்ற நிலையினின்றும் வழுவினான் என்ற வினாவே அவளை மேலும் வாட்டுகிறது. வர்க்க உறவிலே நேர்ந்த மாற்றம் காதலிலே நேர்ந்த மாற்றமாக அவளுக்கு அனுபவமாகிறது. அன்பு முற்றாக அழிந்துவிடவும் இல்லை. ஆகவேதான் அவள் பலமுறை போக எண்ணி, பலமுறை தங்கிவிடுகிறாள். இத்தடுமாற்றத்தை மறைக்காது எழுதியமை கொலந்தாயின் கலைநேர்மைக்குச் சான்று. ரக்மேதொவின் உறுதியிலும் வசிலிசாவின் தடுமாற்றத்தில் மனித உண்மை கூடுதலாக உண்டு எனத் துணிந்து கூறலாம்.

இறுதியில் அவள் விலகித் தனது ஊருக்கும் வேலைக்கும் திரும்புகிறாள். நீனாவுக்கு ஒரு சகோதரியைப் போலக் கடிதம் எழுதுகிறாள். தான் கருவுற்றிருப்பதை அறிகிறாள். கணவனின்றிக் குழந்தையை எவ்வாறு வளர்ப்பாய் எனத் தோழி குருஷா வினவும்போது, தாம் தனித்தவர் அல்லர், குழந்தைகள் காப்பகத்தை நாமே அமைப்போம் என்பது அவளது மறுமொழியின் சாரம்.

மேலோட்டமாக இது நம்பிக்கையான முடிவு. ஆயின் கதை வெளிவந்த காலச்சூழலை நினைவுகொள்ளல் வேண்டும். புதிய பொருளாதாரக் கொள்கையின் கீழ்ப் பொதுச் செலவுகள் குறைக்கப்பட்டபோது காப்பகங்களும் பொது உணவகங்களும் மூடப்பட்டன. வேலையிழந்தோரிற் பெண்கள் பெருந்தொகையினராயினர். 1936ஆம் ஆண்டுச் சட்டம், 1920இல் அனுமதிக்கப்பட்டிருந்த கருக்கலைப்பை மீண்டும் தடைசெய்து, மணவிலக்கையும் கடினமாக்கிற்று. வசிலிசா நம்பிய காப்பகங்களிற் பல பிற்காலத்திற் கட்டப்பட்டன என்பதும் உண்மை. ஆயினும் வேலையும் வீடும் என்ற இரட்டைச் சுமை சோவியத் ஒன்றியம் 1991இற் கலைந்த வரையிலும் பெண்களைவிட்டு நீங்கவில்லை.

5

முன்னர் எழுப்பிய வினாக்களுக்கு மீள்வோம். பாலைத்திணையில் தலைவன் புறப்பட, தலைவி காத்திருந்தாள். செர்னிஷேவ்ஸ்கியிடம் ஆண் விலகிச் சென்றான்; பெண் காத்திராது தனது தொழிலைத் தொடர்ந்தாள். கொலந்தாயிடம் பெண்ணே புறப்பட்டாள். இது பெரும் வளர்ச்சி. ஆயின் மூன்றாவது வினாவுக்கு, அதாவது இக்காதல் நடைபெற யார் உழைக்கிறார் என்பதற்கு, கிடைக்கும் விடை அவ்வளவு மாறவில்லை. தொல்காப்பியர் காட்டும் செவிலியின் மகளுக்குப் பின் மாஷா. மாஷாவுக்குப் பின் குருஷா. குருஷா ஊழியக்காரி அல்லள், தோழி என்பதே மாற்றம். அம்மாற்றம் அற்பமானதன்று, அது முடிவானதும் அன்று. குழந்தையைத் தாயும் தோழியும் ஏற்க, தந்தை கதையினின்றும் விடுபட்டுவிடுகிறான்.

காதலுக்கும் கடமைக்கும் இடையிலான மோதல் தனிமனிதரின் மனவுறுதி பற்றிய பிரச்சினையாகவே நமது விமர்சனத்திற் பெரும்பாலும் பேசப்பட்டுள்ளது. நேரம், கூலி, அறை, சமையல், குழந்தை ஆகியவை ஒரு சமுதாயத்தில் எவ்வாறு பங்கிடப்பட்டுள்ளன என்பதே அம்மோதலைத் தோற்றுவிக்கிறது. இதனைக் காணாத விமர்சனம் தியாகத்தைப் போற்றும். தியாகத்தின் செலவை யார் செலுத்தினர் எனக் கேளாது.

இவையெல்லாம் இரண்டாந்தரப் பிரச்சினைகள், அடிப்படை மாற்றம் வந்தபின் தாமே தீர்வன என்று கூறுவோர் இன்றும் உளர். அடிப்படை மாற்றம் வந்த நாட்டிலே எழுதப்பட்ட கதையே அவர்களுக்கான மறுப்பு. நம் நாட்டிலும் 1986இல் யாழ்ப்பாணத்தில் வெளிவந்த ‘சொல்லாத சேதிகள்’ தொகுப்பிலே பெண் கவிஞர்கள் இவ்வினாக்களைத் தமது குரலில் எழுப்பினர். அதற்கு நமது நாவல் விமர்சனம் இன்னும் முழுமையாக விடையளிக்கவில்லை.

எனது மாணவப் பருவத்தில் ஓர் இலக்கியத் தோழரின் வீட்டிலே நடைபெற்ற வாசிப்பு வட்டத்திற்றான் இந்த உருசிய நாவலைப் பற்றி முதன்முதலில் விவாதித்தோம். பெண் விடுதலை பற்றி இரவு நெடுநேரம் பேசினோம். மூன்று முறை தேநீர் வந்தது. கொண்டுவந்தவரின் கருத்தை நாம் எவரும் கேட்கவில்லை. அவர் அமர்வதற்கு ஓர் இருக்கையும் போடவில்லை. மாஷாவை நாவலில் நான் கண்டுகொண்டது பல ஆண்டுகள் கழித்தே. அன்று அவ்வறையிலே கண்டிருக்கவேண்டும்.